சிவப்பாக மாறிய நம்பர்

அந்த வெள்ளிக்கிழமை, கிள்ளானில் இருக்கும் ஓர் அரசாங்க அலுவலகத்தின் கணக்குப்படி, என் அக்கா ஐந்து பேர்.

பந்திங் பஸ்ஸில் பர்ஸ் திருடு போனதில் அவளுடைய அடையாள அட்டையான ஐ.சி.யும் போய்விட்டது. திங்கட்கிழமை காலை ஒரு பள்ளிக் கேண்டீனில் சமையல் வேலைக்குச் சேர வேண்டும். இருபத்திரண்டு வருடம் வாழையிலைச் சாப்பாட்டுக் கடையின் பின்கட்டில் பாத்திரம் கழுவியவளுக்கு, முதன்முறையாக அடுப்புக்கு முன்னால் நிற்கும் வேலை. ஐ.சி., அல்லது அது தயாராகும்வரை அலுவலகம் தரும் தற்காலிகத் தாள், இரண்டில் ஒன்று கையில் இல்லாவிட்டால் வேறு ஆளை எடுத்துக்கொள்வேன் என்று கேண்டீன் நடத்துபவர் சொல்லியிருந்தார். நான் லீவு போட்டுவிட்டு அவளோடு போனேன்.

அந்த அலுவலகத்தின் ஏற்பாடு எனக்குப் புதிதல்ல. அதைப் பற்றி முன்பு செய்தி எழுதியது நான்தான். வருகிறவர் எடுக்கும் ஒரு வரிசை நம்பருக்குப் பதினைந்து நிமிடம். கவுண்டருக்கு மேலே நிமிடங்கள் பச்சையில் ஓடும். பதினைந்தைத் தாண்டினால் சிவப்பாகும், மேலதிகாரிக்குத் தெரிந்துவிடும். அவர்கள் கொடுத்த அறிக்கையை மொழிபெயர்த்து, ‘இனி நீண்ட காத்திருப்பு இல்லை’ என்று தலைப்பு வைத்தேன். வரிசையில் இருந்த ஒருவரிடமும் பேசவில்லை.

எங்கள் முதல் நம்பர் ஒன்பதரைக்கு வந்தது. கவுண்டரில் முப்பது வயதுக்குள் ஒரு தமிழ்ப் பெண்.

“ஆன்டி, வலது கட்டை விரல இதுல வைங்க. அழுத்தாதீங்க. சரி, கொஞ்சம் அழுத்துங்க.”

கருவி ‘டிட்’ என்றது. திரையில் பெருக்கல் குறி விழுந்தது. அக்காவின் விரல்கள் பிளீச்சிலும் கம்பிச் சுருளிலும் தேய்ந்தவை. ரேகை இருக்க வேண்டிய இடம் வழவழப்பாக இருந்தது.

“நெத்தில நல்லா தேய்ச்சிட்டு வைங்க ஆன்டி. எண்ணெய் கொஞ்சம் ஒட்டுனா எடுத்துக்கும்.”

அக்கா நெற்றியில் தேய்த்து வைத்தாள். டிட். இடது விரல். டிட். பதினான்காவது நிமிடத்தில் அந்தப் பெண் குரலைத் தாழ்த்தினாள்.

“வேற நம்பர் எடுத்துட்டு வாங்க ஆன்டி. இத முடிச்சிடுறேன்.”

“வேல முடியலையேம்மா?”

“நம்பர முடிச்சாத்தான் எனக்கு முடியும் லா.”

பொத்தானை அமுக்கினாள். சுவரில் இருந்த பெரிய திரையில், அன்று சேவை பெற்றுச் சென்றவர்களின் எண்ணிக்கை ஒன்று கூடியது. சேவை பெற்றுச் சென்றவள் என் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தாள்.

இரண்டாவது நம்பரும் மூன்றாவதும் அதே கவுண்டர், அதே நெற்றி, அதே பதினான்காவது நிமிடம். நம்பர்கள் வரிசைப்படி வருவதில்லை. நான்கு எழுத்துகளில் தொடங்கும் நான்கு வரிசைகளை மாறி மாறிக் கூப்பிடுவார்கள். அதனால் எழுந்து போக முடியாது. கழிவறை கீழ்மாடியில். அக்கா காலையிலிருந்து தண்ணீர் குடிக்கவில்லை. ஜன்னல்கள் திறக்காத வகை. குளிர்சாதனம் நேராக அவள் கழுத்தில் விழுந்தது. இடம் மாறி உட்கார்ந்தால் திரை தெரியாது.

பக்கத்து நாற்காலிப் பெரியவர் கேட்டார். “எத்தனாவது நம்பரும்மா?”

“நாலாவது.”

“எனக்கு இது மூணாவதுதான். நீங்க சீனியரு, கால நீட்டி உக்காருங்க.”

நாலாவதும் முடிந்தபோது பன்னிரண்டேகால். வெள்ளிக்கிழமைத் தொழுகைக்காகக் கவுண்டர்களை மூடினார்கள். இரண்டே முக்காலுக்குத்தான் திறப்பார்கள். கீழே ஒரு கடையில் நுரை பொங்க ஆற்றிய பால் டீ, தே தாரிக், வாங்கிக் கொடுத்தேன். அக்கா கண்ணாடிக் குவளையைப் பிடித்தாள். கையை எடுத்தபோது குவளையில் சாம்பல் நிறத்தில் ஒரு கட்டை விரல் தடம் இருந்தது.

காரியம் நல்லபடியாக முடிய வேண்டும் என்று விடியற்காலையிலேயே கோயிலுக்குப் போய், நெற்றி நிறையத் திருநீறு பூசிக்கொண்டு வந்திருந்தாள். ஒவ்வொரு முறையும் அதில்தான் விரலைத் தேய்த்திருக்கிறாள். எண்ணெய்க்குப் பதிலாகப் பொடி. கவுண்டர்ப் பெண்ணின் நெற்றியிலும் சின்னதாக ஒரு கீற்று இருந்தது. விரலில் ஒட்டுவது திருநீறு என்று எங்கள் மூவருக்குமே தோன்றவில்லை.

“மொகத்தக் கழுவிக்க,” என்றேன்.

“சாமிகிட்ட போட்டது லா, அழிக்கச் சொல்றியே.”

“சாமிக்கு உன்னத் தெரியும். மெஷினுக்குத்தான் தெரியல.”

கழுவிக்கொண்டு வந்தாள். ஐந்தாவது நம்பர் மூன்றேகாலுக்கு வந்தது. இடது விரலைக் கருவி உடனே எடுத்துக்கொண்டது. வலது விரலை எடுக்கவில்லை. மூன்று முறை, நான்கு முறை.

“ஒண்ணு மட்டும் விழுந்தா மேலதிகாரி கையெழுத்து வேணும்,” என்றாள் அந்தப் பெண். “அவரு மேல மீட்டிங்ல இருக்காரு.”

“என்ன மீட்டிங்?” என்று கேட்டேன்.

அவள் திரையைப் பார்த்தபடி சொன்னாள். “கவுண்டர எப்படி இன்னும் வேகமாக்குறதுன்னு, அண்ணே.”

“கூப்பிட முடியாதா?”

“மீட்டிங்ல போன் எடுக்க மாட்டாரு. அஞ்சு மணிக்குத்தான் வருவாரு. அப்ப நாங்க மூடிடுவோம்.”

மேலே பதினான்கு என்று காட்டியது. அவள் விரல் பொத்தான் மேல் இருந்தது. அக்கா இரண்டு கைகளையும் மேசைமேல் விரித்து வைத்தாள். கெஞ்சவில்லை.

“நீ அத அமுக்கிட்டா, திங்கக்கிழம நான் மறுபடியும் சட்டி கழுவத்தான் போகணும்மா. அப்புறம் இருக்குற விரலும் போயிரும்.”

அந்தப் பெண் கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள்.

பதினைந்து. பதினாறு. எண் சிவப்பானது. பக்கத்துக் கவுண்டர்க்காரர் எட்டிப் பார்த்து, “ஹோய், உன் நம்பர் மேரா!” என்றார். மலாய் மொழியில் மேரா என்றால் சிவப்பு. அவள் கவனிக்கவில்லை என்று நினைத்தார்போல. அவள் அசையவில்லை. மூவரும் அந்த எண்ணைப் பார்த்துக்கொண்டிருந்தோம்.

பத்தொன்பதாவது நிமிடத்தில் மேலதிகாரி கழுத்து அட்டை ஆட, மாடிப்படியில் வேகமாக இறங்கி வந்தார். ஏன் சிவப்பு என்று மலாயில் கேட்டார். அவள் சொன்னாள். அவர் அக்காவின் விரலை ஒருமுறை பார்த்தார். கையெழுத்துப் போட ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. போகும்போது, தாமதத்துக்குக் காரணம் பதிவு செய்யும்படி அவளிடம் சொல்லிவிட்டுப் போனார்.

தற்காலிகத் தாள் சூடாக அச்சாகி வந்தது. அக்கா அதை மடிக்காமல் பிடித்துக்கொண்டாள். நான் கவுண்டர்ப் பெண்ணின் திரையைப் பார்த்தேன். காரணங்கள் மூன்றுதான் இருந்தன: கணினிக் கோளாறு, ஊழியர் இல்லை, வாடிக்கையாளரின் ஆவணம் முழுமையில்லை. அவள் மூன்றாவதைத் தொட்டாள். நான் பார்ப்பதைப் பார்த்துவிட்டாள்.

“கணினின்னு போட்டா டெக்னீஷியன் வந்து கோளாறே இல்லன்னுவாரு. ஊழியர் இல்லன்னு போட்டா என் மேல வரும் அண்ணே.”

“போட்டுக்கம்மா,” என்றாள் அக்கா. “எனக்குத் தாளு வந்துருச்சு.”

“ஐ.சி. ரெடியானதும் மெசேஜ் வரும் ஆன்டி. வாங்க வரும்போது ரெண்டு கட்டை விரலும் வைக்கணும்.”

“இதே விரலா?”

“இதே விரல்தான்.”

அக்கா தன் கட்டை விரல்களைத் திருப்பிப் பார்த்தாள். “அன்னைக்கு நீயே இருப்பியா?”

அந்தப் பெண் பதில் சொல்வதற்குள் அடுத்த நம்பர் விழுந்தது. மூன்றாவது முறையோ நாலாவதோ, பக்கத்து நாற்காலிப் பெரியவர் எழுந்து வந்துகொண்டிருந்தார். மேலே எண் பச்சையில் முதலிலிருந்து ஓட ஆரம்பித்தது.