நான்கு ஆட்டங்களுக்கு ஒரு பொன்னாடை

என் மகன் அமெரிக்காவின் முதல்நிலைப் பேஸ்போல் அணியொன்றுக்காக நான்கு ஆட்டங்களில் பந்தெறிந்தான். அதற்கு மேல் ஒன்றுமில்லை என்பதை முதலிலேயே எழுதிவிடுகிறேன். பிறர் வாயில் அது பலவிதமாகத் திரிந்துவிட்டது.

பல்கலைக்கழகத்தை இடையில் விட்டு அவன் பேஸ்போல் ஆட அமெரிக்கா புறப்பட்டபோது, மேற்படிப்புக்குச் சென்றிருப்பதாகவே சிட்னியில் சொல்லிவந்தேன். சிறு அணிகளில் ஏழு ஆண்டுகள் ஆடியபின் மேலே அழைக்கப்பட்டான். அவனுடைய முதல் ஆட்டத்தை, குவேக்கர்ஸ் ஹில் வீட்டில் காலைத் தேநீரோடு நானும் மனைவியும் பார்த்தோம். எதிரணிக்காரன் பந்தை ஓங்கி அடித்தான்.

"இது எங்களுக்கு நல்லதோ?" என்றாள் மனைவி.

"பொறும், பாப்பம்," என்றேன். எனக்கும் விளங்கவில்லை.

அன்றே, ஊரில் நான் படித்த கல்லூரியின் சிட்னிப் பழைய மாணவர் சங்கத் தலைவருக்குத் தெரிவித்தேன். ஆண்டு விழாவில் பொன்னாடை போர்த்துவதாக அவர் அறிவித்தார். மகனைக் கேளாமலே இசைந்தேன். பிள்ளைக்கு வரும் மரியாதையைத் தந்தை ஏற்பதே எங்கள் வழக்கம்.

விழாவுக்கு மூன்று வாரம் இருக்கையில் அணி அவனை விடுவித்தது. வலத் தோளின் தசைநார் கிழிந்திருந்தது. வீடு வந்தவன் இடக்கையால் சாப்பிட்டான். அழைப்பிதழ்களோ போய்விட்டன. விழாவை நிறுத்தினால் காரணம் சொல்ல வேண்டும்.

"பத்து நிமிசம் வந்து நிண்டாப் போதும்," என்றேன்.

"என்னை வேண்டாமெண்டு அனுப்பிட்டாங்கள், அப்பா. பிறகென்ன பொன்னாடை?"

"அது சனத்துக்குத் தெரியத் தேவையில்லை."

குசினியில் சமைத்துக்கொண்டிருந்த மனைவியின் குரல் வந்தது: "சங்கத்துக்குப் போர்க்கிறதுக்கு ஒரு தோள்தானே வேணும். இடப்பக்கத்தை மட்டும் கூட்டிக்கொண்டு போங்கோ."

அவன் வந்தான். லிட்கம் மண்டபம் நிறைந்திருந்தது. பொன்னாடை போர்த்திய தலைவர் ஒரு ரெனிஸ் பந்தை எடுத்து நீட்டினார்.

"தம்பி, ஒண்டு எறிஞ்சு காட்டும். அமெரிக்காக்காரருக்கு மட்டும்தானோ காட்டுவீர்?"

கூட்டம் கைதட்டியது. மேடையிலிருந்து மகன் என்னைப் பார்த்தான். முன்வரிசையில்தான் இருந்தேன். எழுந்து ஒரு வார்த்தை சொன்னால் போதும் என்பதும் தெரியும். இரு பக்கமும் என்னோடு படித்தவர்கள். நான் எழவில்லை. அவன் பார்த்துக்கொண்டே நின்றான். பிறகு வலக்கையை உயர்த்தி எறிந்தான்.

பந்து மேடை விளிம்பிலேயே விழுந்து உருண்டது. பகிடி விடுகிறான் என்று எண்ணிச் சனம் சிரித்தது. அவன் முகம் வெளிறிப்போயிருந்தது.

தோள் முன்பே கெட்டுவிட்டது, அந்த ஓர் எறியால் அல்ல என்று எங்கள் குடும்ப மருத்துவர் பின்னர் என்னிடம் கூறினார். அதை நான் அவனிடம் எடுத்துச் சொல்லவில்லை. எப்படித் தொடங்குவதென்று தெரியவில்லை.

இப்போது மெல்பேர்ணில், டார்னெய்ட்டில் இருக்கிறான். ஞாயிறுகளில் தாய்க்கு அழைப்பான். சில வேளை நான் முந்திக்கொண்டு எடுப்பேன்.

"சாப்பிட்டியே?" என்பேன்.

"ஓம். அம்மாட்டக் குடுங்கோ."

கொடுத்துவிடுவேன். அவள் பேசி முடிக்கும்வரை பக்கத்துக் கதிரையில் இருப்பேன்.