யாகசாலைக்கு மணல் ஏற்றிய வண்டி

நான்கு பேர் முன்னால் பேசக் கூச்சப்படுகிறவன் நான். அதனால் அம்மன் எனக்குச் செய்ததை எழுதித் தருகிறேன்.

ஊரப்பாக்கத்தில் ஒரு டிப்பர் வண்டி வைத்து நானே ஓட்டுகிறேன். எங்கள் குடும்பத்துக்குச் சோறு போடுவது அந்த வண்டிதான். போன வைகாசியில் எங்கள் மாரியம்மன் கோயிலுக்குக் கும்பாபிஷேகம் வந்தது. யாகசாலையில் ஹோம குண்டம் கட்ட ஆற்று மணல்தான் வேண்டும், எம்-சாண்ட் ஆகாது என்றார்கள். இரண்டு மாதம் முன்னாலேயே தர்மகர்த்தா என்னைக் கூப்பிட்டார்.

“பாலாத்துப் பக்கம் ஒரு லோடு சொல்லி வெச்சிருக்கேன். நீ போய் ஏத்திக்கினு வா.”

“மணல் ஏத்த கவர்மென்ட் நடைச்சீட்டு இருக்குதா அண்ணா?”

“அம்மா வேலைக்கு எவன்டா சீட்டு கேப்பான்? முன்னாடி கோயில் பேனரைக் கட்டிக்கோ. ஒருத்தனும் கை காட்ட மாட்டான்.”

நம்பினேன். பேனரைக் கட்டி, வேப்பிலையும் சொருகிக்கொண்டு போனேன். திரும்பும்போது ஜி.எஸ்.டி. ரோட்டில் மடக்கினார்கள். சீட்டு இல்லை. போலீஸ்காரர் பேனரைப் படித்துவிட்டுச் சிரித்தார்.

“இன்னா தலைவரே, அம்மனா உனக்கு பர்மிட் குட்த்துச்சு?”

மணல் திருட்டு என்று வழக்கு. வண்டி ஸ்டேஷன் பின்பக்கம் போய் நின்றது. தர்மகர்த்தாவுக்கு போன் செய்தேன். “நான் எப்போ மணல் கேட்டேன்?” என்றார். அதற்குப் பிறகு எடுக்கவே இல்லை.

ஸ்டேஷனில் ஆர்.டி.ஓ. ஆபீசுக்குப் போகச் சொன்னார்கள். அங்கே கோர்ட்டுக்குப் போகச் சொன்னார்கள். ஒவ்வொரு முறையும் என் வண்டியைப் பார்த்துவிட்டு வருவேன். ஒரு நாள் பேட்டரி இல்லை. இன்னொரு நாள் ஸ்டெப்னி இல்லை. கேட்டால், “வரும்போதே இப்டித்தான் வந்துச்சு.” மழை பெய்து, ஏற்றிய மணலில் புல் முளைத்துவிட்டது.

தாம்பரத்தில் ஒரு வக்கீல் அம்மா விஷயத்தைப் புரியவைத்தார். மணல் வழக்குகளைப் பார்க்கிற சிறப்பு நீதிமன்றத்தில், வழக்கு முடியும்வரை வண்டியை என் பொறுப்பில் விடச் சொல்லி மனு போடலாம். விற்க மாட்டேன், உருவை மாற்ற மாட்டேன், கூப்பிடும்போது கொண்டுவந்து நிறுத்துவேன் என்று எழுதிக் கொடுக்க வேண்டும். “ஆனா கடைசித் தீர்ப்பு பாதகமா வந்தா, வண்டி அரசாங்கத்துக்கே போயிடும். அதையும் தெரிஞ்சுக்கோங்க” என்றார். மனு போட்டோம். ஜாமீனுக்குச் சொந்த வீடு உள்ள ஒருவர் வேண்டும் என்று உத்தரவானது.

கோயில் கமிட்டிக்காரர்களைக் கேட்டுப் பார்த்தேன். எல்லோருக்கும் வீடு இருக்கிறது. மனைகூட இருக்கிறது. ஒருவருக்கு முதுகு வலி. ஒருவர் வெளியூர். ஒருவர், “கோயில் பேரு கெட்டுடும்பா” என்றார்.

கும்பாபிஷேகம் நடந்தது. குண்டம் கட்ட வேறு எங்கிருந்தோ மணல் வந்திருந்தது. எல்லோர் மேலும் தீர்த்தம் தெளித்தார்கள். நான் கூட்டத்துக்கு வெளியே நின்றேன். “வண்டியைக் கேக்கலை தாயே. எனக்காக வந்து நிக்க ஒரு ஆளைக் காட்டு” என்று மட்டும் வேண்டினேன். அழுதுவிட்டேன்.

“இன்னாத்துக்கு அழுவுற? நீ அழுது கடலுக்கு இன்னும் உப்பு போடணுமா?”

பக்கத்தில் மீன்கார பூங்காவனம் அக்கா. கோவளத்திலிருந்து கூடை கொண்டுவருகிறவர். கும்பாபிஷேக வேலை தொடங்கியதுமே, மீன் நாற்றம் ஆகாது என்று கமிட்டி அவரைக் கோயில் தெருவிலிருந்து விரட்டியிருந்தது. அதற்கப்புறம், வண்டி பிடிபடும்வரை, என் வீட்டெதிரில் நிறுத்தி வைத்த அதன் நிழலில் உட்கார்ந்து விற்றுக்கொண்டிருந்தார்.

விஷயத்தைச் சொன்னேன்.

“உன் வண்டி போச்சு, என் நெழலும் போச்சு. மத்தியானத்துக்குள்ள மீனு கெட்டுப்போவுது. கோவளத்துல என் பேருல வூடு கீது. வீட்டு வரி ரசீது எட்த்துக்கினு வரேன். எந்தக் கோர்ட்டு, சொல்லு.”

“உங்களுக்கு எதுக்குக்கா இந்தப் பேஜார்?”

“நீ வண்டிய எட்த்துக்கினு ஓடிட மாட்டே. ஓடறதுக்குக்கூட உனக்கு வெக்கம்.”

அக்கா வந்து கையெழுத்துப் போட்டார். வண்டி வந்தது. பேட்டரியும் ஸ்டெப்னியும் வரவில்லை. வழக்கும் முடியவில்லை. இப்போதும் வாய்தாவுக்குப் போகிறேன். கசப்பு போய்விட்டது என்று சொன்னால் அது பொய். கும்பாபிஷேகத்தில் தர்மகர்த்தாவுக்கு மாலை போட்ட படம் கண்ணில் பட்டால் இன்னும் வயிறு எரிகிறது. ஆனால் நான் கேட்டதை அம்மன் கொடுத்தாள். கேட்ட இடத்திலேயே, கண்ணீர் காய்வதற்குள் கொடுத்தாள். யாரைத் தன் தெருவிலிருந்து விரட்டினார்களோ, அவரையே அனுப்பினாள்.

இந்த ஆடிக்குத் தர்மகர்த்தா வீட்டுக்கே வந்தார். “தீமிதித் திடலுக்கு ஒரு லோடு மண்ணு வேணும்பா. அம்மா காரியம்.”

வண்டி நிழலிலிருந்து அக்கா மீனை அரிந்துகொண்டே என்னைப் பார்த்தார்.

“சீட்டைக் காட்டுங்க அண்ணா. அப்பறம் ஏத்தறேன்” என்றேன்.

அவர் செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டார்.

வண்டி ஓட்டும் சகோதரர்களே, அம்மனை முழுசாக நம்புங்கள். அவள் பேரைச் சொல்லிக்கொண்டு வருகிறவனிடம் சீட்டைக் கேளுங்கள். கேட்டால் அவள் கோபித்துக்கொள்ள மாட்டாள்.