பாராட்டு விழாவில் கேட்ட கேள்வி

மைக் செட் வேலையில் முக்கால் ஆயுளைக் கழித்தவன் நான். ஹாரன் கட்டுவதும் ஆம்ப்ளிபயரைப் பழுது பார்ப்பதும் பெரிய வித்தையல்ல. யார் சொன்னால் ஆஃப் செய்வது என்பதுதான் கஷ்டமான பாடம். அதை நான் கற்றது எழுபதுகளின் தொடக்கத்தில், காரைக்குடியில் ஒரு கேப்டனுக்கு நடந்த பாராட்டு விழாவில்.

பர்மாப் போரில் ஒரு படைப்பிரிவை நடத்தியவர் அவர். எதிரிகள் வளைத்த காட்டிலிருந்து தன் ஆட்களை மீட்டு வந்தவர் என்று பாதி ஊர் கும்பிட்டது. நடக்க முடியாத காயக்காரர்களைக் கைவிட்டு வந்தவர் என்று மீதி ஊர் முணுமுணுத்தது. மேடையில் முதல் பாதியை மட்டும் பேசினார்கள். பொன்னாடைக்கு மேல் பொன்னாடை.

அப்போது கோட்டையூர் மாணிக்கம் ஆசாரி மேடையேறினார். தச்சு வேலைக்காரர். அவருடைய அண்ணன் அந்தப் படையில் போய்த் திரும்பவில்லை. செத்ததாகத் தகவலும் இல்லை. அண்ணன் மனைவி இன்னும் தாலியோடு இருந்தார். கேப்டன் வீட்டுக்குப் பலமுறை போயும் ஆசாரியை வாசலோடு திருப்பி அனுப்பிவிட்டார்கள். வாழ்த்துரை என்று சொல்லித்தான் மைக்கை வாங்கினார்.

"ஐயா, எங்க அண்ணனை உசுரோட விட்டுட்டு வந்தீகளா, செத்த பெறகு விட்டுட்டு வந்தீகளா? எங்க மதினி பொட்டு வைக்கிறதா அழிக்கிறதான்னு தெரியணும்."

கமிட்டிச் செயலாளர் எங்களைப் பார்த்துக் கையசைத்தார். நான் அசையவில்லை. என் முதலாளி எட்டி ஆம்ப்ளிபயரை அணைத்தார். ஆசாரியைத் தோளைப் பிடித்து இறக்கினார்கள். கேப்டன் சோடா குடித்தார்.

விழா முடிந்து ஒயர் சுருட்டும்போது பார்த்தேன், ஆசாரி கார் அருகே நின்றிருந்தார். கேப்டன் கூட வந்தவர்களை விலகச் சொல்லிவிட்டு, "உசுரு இருந்துச்சுப்பா. தூக்க ஆள் இல்லை. நாங்க நடக்க நடக்கக் கூப்பிட்டுக்கிட்டே இருந்தான்" என்றார். அவர் கண் கலங்கியது உண்மைதான். அந்தக் கண்ணீருக்கு மேடையில் என்ன கேடு?

பிறகொரு நாள் ஆசாரியைச் சந்தையில் பார்த்தேன். வீட்டில் என்ன சொன்னீர்கள் என்று கேட்டேன்.

"குண்டு பட்டதும் போயிட்டாருன்னு சொன்னேன். கேப்டனே குழி வெட்டி அடக்கம் பண்ணுனாருன்னும் சொல்லிட்டேன். மதினி தாலியக் கழட்டிட்டாக. இப்ப கேப்டனைச் சாமியாக் கும்பிடுறாக."

பெரிய மனிதர்கள் தங்கள் பெயரைத் தாங்களே சம்பாதிக்கிறார்கள் என்று அதுவரை நம்பியிருந்தேன். பாதியை இப்படித்தான் நாம் சம்பாதித்துக் கொடுக்கிறோம்.