தலைவர் லிங்கம்மாவின் சாதி விசாரணை

லிங்கம்மா குரல் கொடுத்தால் ஏரிக்கு அந்தக் கரையில் மேயும் ஆடுகூடத் தலையைத் தூக்கிப் பார்க்கும். அந்தக் குரலை வைத்துக்கொண்டுதான் சின்ன வயதில் மந்தையை ஓட்டினாள். பிறகு பால் சங்கத்தில் தண்ணீர் கலந்தவனை ஓட்டினாள். கடைசியில் பஞ்சாயத்துத் தேர்தலில் சித்தப்பா மகன் பசப்பனையும் ஓட ஓட விரட்டித் தலைவராகிவிட்டாள். பழங்குடியினருக்கு ஒதுக்கிய பதவி அது. அன்றைக்கு எங்கள் குருமன்ஸ் பழங்குடித் தெருவில் பொங்கல் வைக்காத வீடில்லை.

பசப்பனுக்கு வயிறு பற்றி எரிந்தது. எவனோ ஒரு வக்கீல் கதை கட்டி மனு எழுதிக் கொடுத்தான், இவன் கையெழுத்துப் போட்டான். லிங்கம்மாவின் அப்பா ஈரண்ணன் ஆடு மேய்க்கக் கூலிக்கு வந்து தங்கிய வேறு சாதிக்காரராம், தங்கள் குடும்பத்துக்கும் அவருக்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லையாம், அவளுடைய பழங்குடிச் சான்றிதழே போலியாம். மனசாட்சியை அடகு வைத்தவன்! சான்றிதழ் போனால் நாற்காலி போகும், ஜெயில் வந்தாலும் வரும்.

"எங்கப்பன் யாருன்னு எனக்குத் தெரியாதா? நானே வந்து சொல்றன், வண்டி வை" என்று ஈரண்ணன் துள்ளினார். துள்ளியவர் விசாரணைக்கு முந்தின வாரம் தூக்கத்திலேயே போய்ச் சேர்ந்தார். பசப்பன் சாவு வீட்டுப் பக்கம் தலைகாட்டவில்லை. அப்பா போனதைவிட அது லிங்கம்மாவை அதிகமாகச் சுட்டது.

விசாரணை நாளில் இரண்டு வேன் நிறையக் கிருஷ்ணகிரிக்குப் போனோம். சித்திரை வெயில் மண்டையைப் பிளந்தது. சான்றிதழைச் சரிபார்க்கும் குழுவில் இருந்த மானிடவியல் அம்மா முதலில் லிங்கம்மாவைக் கேட்டார்.

"உங்க குலசாமி வீரபத்திரனுக்கு என்னம்மா செய்வீங்க?"

"எங்க தலையிலயே தேங்கா ஒடைப்போம். கீழ கடையில வாங்கியாரச் சொல்லட்டா? இங்கயே ஒடைச்சிக் காட்டறோம்."

"ஐயோ, வேணாம்மா!"

ஜன்னலில் தொங்கிய எங்கள் ஆட்கள் விசிலடித்தார்கள். குழுத் தலைவர் சிரிக்கவில்லை. "சாமி கும்பிடறதை யார் வேணாலும் கேட்டுத் தெரிஞ்சுக்கலாம். ரத்த உறவுக்கு என்ன ஆதாரம்? மனுதாரர் இல்லைங்கறாரே." பதில் சொல்ல வேண்டியவர் மண்ணுக்குள் இருந்தார்.

பசப்பனைக் கூப்பிட்டார்கள். அந்த வெயிலில், காதுவரை இழுத்த கம்பளிக் குல்லாவோடு வந்து நின்றான்.

"ஊட்டியில இருந்து வராரு, வழி வுடுங்கப்பா!" என்று யாரோ கத்தினார்கள்.

லிங்கம்மா அவன் முகத்தைப் பார்த்தாள். மீசையைக் காணோம். அவள் துள்ளி எழுந்த வேகத்தில் நாற்காலி கவிழ்ந்தது.

"ஐயா! அவன் குல்லாவைக் கழட்டச் சொல்லுங்க!"

"சளிங்க ஐயா..."

"எடுங்க" என்றார் குழுத் தலைவர்.

எடுத்தான். மழமழவென்று மொட்டை. எங்கள் ஆட்களில் பெரியவர் ஒருவர் போனால் இளைய பங்காளிகள் அத்தனை பேரும் முடியும் மீசையும் எடுத்தாக வேண்டும். அயலானுக்காக எவனும் எடுக்க மாட்டான், அது பெற்ற அப்பனுக்கே சாவைக் கூப்பிடுகிற காரியம். மானிடவியல் அம்மா ஜன்னலைப் பார்த்தார். அங்கே எங்கள் மொட்டைகள் வரிசையாக இருந்தன.

"இது யாருக்காக எடுத்ததுங்க?"

"திருப்பதின்னு சொல்லு, திருப்பதி" என்று வக்கீல் பல்லைக் கடித்தான்.

பசப்பன் வாயைத் திறந்தான். "திருப்..." அதற்கு மேல் வரவில்லை.

"சொல்லுடா" என்றாள் லிங்கம்மா. "எங்கப்பன் ஒனக்கு யாருமில்லன்னு இவங்க எதிர்ல ஒரு தடவை சொல்லிடு. நான் இப்பவே எறங்கிப் போயிடறன்."

"பெரியப்பாவுக்குங்க" என்றான் பசப்பன். "எங்கப்பனோட கூடப் பொறந்தவருங்க."

வக்கீல் தலையில் கை வைத்தான். குழுத் தலைவர் எழுத ஆரம்பித்தார். எங்கள் ஆட்கள் போட்ட கூச்சலில் கட்டடமே ஆடியது. லிங்கம்மா மட்டும் சிரிக்கவில்லை. நேராகப் பசப்பனிடம் போனாள்.

"அப்புறம் ஏன்டா சாவுக்கு வரல?"

"அவரு என் பெரியப்பனே இல்லன்னு எழுதிக் குடுத்துட்டு, எப்பிடிக்கா அவருக்குத் தோள் குடுப்பன்?"