மாடி வீட்டுக்கு வந்த கேமரா

தையல்காரிக்கு அந்த நிகழ்ச்சி என்றால் உயிர். அரசுத் தொலைக்காட்சியில் வாரக் கடைசியில் வரும். ஏதாவது ஒரு தெருவுக்குப் போய், அங்கே வாழ்கிற ஒருவருடைய வேலையையும் பேச்சையும் காட்டுவார்கள். அவள் பள்ளிக்கூடம் போன காலத்திலிருந்தே ஓடுகிறது. தொகுப்பாளருக்குத் தலை நரைக்கும் வரை கூடவே இருந்து பார்த்தவள். என்றைக்காவது தன் வீட்டுக் கதவையும் தட்டுவார்கள் என்று நம்பியிருந்தாள். தெருவில் பாதிப் பிள்ளைகள் போட்டிருக்கும் சீருடை அவள் தைத்ததுதானே?

ஒருநாள் தட்டவும் செய்தார்கள்.

"குடை ரிப்பேர் பண்றவங்க வீடு இதுதானேம்மா?"

"அது மாடி," என்றாள்.

மாடியில் இருப்பவள் அவளுடைய ஓரகத்தி, கொழுந்தன் பெண்டாட்டி. கல்யாணமாகி வந்தபோது ஊசியில் நூல் கோர்க்கத் தெரியாது. இப்போது காற்றில் மடங்கிய குடை எதுவானாலும் அவள் கைக்குப் போனால் நிமிர்ந்துவிடுகிறது. கம்பியைத் தட்டிக்கொண்டே வாயில் வந்ததைப் பாடுவாள். அந்தப் பாட்டுக்காகவே வந்திருக்கிறார்களாம்.

மாடியில் வெளிச்சம் போதவில்லை. படப்பிடிப்பைக் கீழே தையல்காரியின் வீட்டுக்குக் கொண்டுவந்தார்கள். தையல் மெஷினைச் சுவரோரம் தள்ளிவிட்டு, அவள் துணி வெட்டும் மேசையில் குடைகளைப் பரப்பினார்கள். அத்தனை பேருக்கும் அவள்தான் டீ போட்டாள். வயிறு எரிந்த எரிச்சலில் அடுப்பே தேவைப்பட்டிருக்காது.

அடுப்படிக்கு ஒரு பெண் கேமராவோடு வந்தாள். "நீங்களும் அவங்களைப் பத்தி ரெண்டு வார்த்தை சொல்லுங்கம்மா."

தையல்காரி கொட்டித் தீர்த்துவிட்டாள். "அவளுக்குக் குடைன்னா கிறுக்கு. அடுப்புல வச்சது கருகினாலும் கையில உள்ள கம்பியைக் கீழ வைக்க மாட்டா. யாராவது பல்லைக் காட்டினா சும்மாவே சரி பண்ணிக் குடுத்துடுவா. பொழைக்கத் தெரியாதவ. ராத்திரி பகல்னு பாட்டு வேற, வீட்டுல மனுஷன் தூங்க முடியல."

ஒளிபரப்பான அன்று வீடே டிவி முன்னால் உட்கார்ந்திருந்தது. அவள் பேசியதை அப்படியே போட்டிருந்தார்கள். பின்னால் மெல்லிய இசை. 'பொழைக்கத் தெரியாதவ' என்ற இடத்தில் ஓரகத்தியின் சிரித்த முகம். பார்த்தவர்களுக்குக் கண் கலங்கிவிட்டது.

"சொந்தத் தங்கச்சி மாதிரியில்ல பேசுனீங்க," என்று மறுநாள் தெருமுனைக் கடைக்காரர் அவளை நிறுத்திச் சொன்னார். அவள் வீட்டுக்காரரோ, "உனக்குள்ள இவ்வளவு பாசமா?" என்று கேட்டுவிட்டு, அவள் முறைத்த முறைப்பில் செய்தித்தாளுக்குள் புகுந்துகொண்டார்.

ஓரகத்தி படியிறங்கி வந்தாள். "ரொம்ப நன்றிக்கா."

தையல்காரியால் அதைத்தான் தாங்க முடியவில்லை. "நன்றியெல்லாம் வேணாம். உன்னைக் குறை சொல்லணும்னுதான் சொன்னேன்."

"தெரியும்க்கா. நான் அடுத்த ரூம்லதானே இருந்தேன். எல்லாம் கேட்டுச்சு."

"அப்புறம் எதுக்கு நன்றி?"

"டிவியில வந்தப்போ நல்லா இருந்துச்சே." சற்று யோசித்துவிட்டு, "ஆனா அன்னைக்கு அழுதேன்," என்றாள்.

தையல்காரி மேசை மேலிருந்த துணித் துண்டுகளை ஒதுக்கி அவள் உட்கார இடம் விட்டாள். மன்னிப்பு என்ற சொல் அவள் வாயிலிருந்து வெளியே வராது. அது ஓரகத்திக்கும் தெரியும்.

அதோடு பொறாமை தீர்ந்தது என்று சொன்னால் பொய். குடையும் கையுமாக வருகிறவர்கள் முதலில் தையல்காரியின் கதவைத்தான் தட்டினார்கள். ஒவ்வொரு தட்டலுக்கும் நெஞ்சில் சுருக்கென்றது. "மாடிக்குப் போங்க," என்று சொல்லிச் சொல்லி அலுத்தாள்.

சில மாதம் கழித்து நிகழ்ச்சியின் ஆண்டு விழாவுக்கு ஓரகத்திக்கு அழைப்பு வந்தது. "புதுச் சட்டை தச்சுத் தாக்கா," என்று துணியோடு வந்து நின்றாள். சட்டைக் கழுத்தைக் கோணலாக வெட்டிவிடலாமா என்றுகூடத் தையல்காரி ஒரு கணம் நினைத்தாள். கை கேட்கவில்லை. சட்டை அச்சில் வார்த்தது போல அமைந்தது. கண்ணாடி முன்னால் ஓரகத்தி திரும்பித் திரும்பிப் பார்த்தாள்.

"ரொம்ப அழகா இருக்குக்கா."

"தெரியுது, தெரியுது," என்றாள் தையல்காரி. அந்தக் கடுப்பிலும் குனிந்து, தொங்கிய ஒரு நூலைப் பல்லால் கடித்து எடுத்தாள்.