மாமா கொண்டுவந்த கோடி

"அக்கா, அம்மா விதைநெல்லை ஊறப்போட்டுட்டு வரப்புல உக்காந்தாங்க. எந்திரிக்கவே இல்லக்கா."

தம்பியின் போன் வந்தபோது ஒரத்தநாட்டில் பள்ளியில் வேலையில் இருந்தேன். பாபநாசம் பக்கத்து எங்கள் ஊருக்கு நான் போய்ச் சேர்வதற்குள் பந்தல் போட்டாகிவிட்டது. அம்மாவின் அண்ணன், எங்கள் பெரிய மாமா, நடுவில் உட்கார்ந்து, "இந்தப் புள்ளைங்கள நாங்கதான் ஆளாக்குனோம்" என்று சொல்லிக்கொண்டிருந்தார். அம்மாவை அறிந்த உறவுக்காரர்கள் நீங்களும் தலையாட்டினீர்கள். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

அப்பா போனபோது எனக்குப் பன்னிரண்டு வயது. பதினாறாம் நாள் இதே மாமா, பிறந்த வீட்டுக் கோடியாக ஒரு வெள்ளைச் சேலையை அம்மாவின் தோளில் போட்டார். போட்ட கையோடு எங்களைப் பங்கு பிரித்தார். நான் அவர் வீட்டுக்கு, எடுபிடி வேலைக்கு. தம்பி விடுதிக்கு. கைக்குழந்தையான தங்கை சித்தி வீட்டுக்கு. எல்லாம் எங்கள் நன்மைக்காம்.

"என்னண்ணே, ஆட்டுக்குட்டியா ஆளுக்கொண்ணு ஓட்டிட்டுப் போக? மூணும் என்கிட்டதான் இருக்கும். சாப்பிட்டுட்டுக் கெளம்புங்க" என்றாள் அம்மா. அதன்பிறகு ஆறு வருஷம் மாமா எங்கள் வாசலை மிதிக்கவில்லை. ஆளாக்கிய லட்சணம் அதுதான்.

அந்தக் குறுவைக்கு அம்மா கோடிச் சேலையை நாலாகக் கிழித்து, விதைநெல்லை மூட்டை கட்டி முளைக்க வைத்தாள். தாலி அறுத்தவள் விதை தெளிக்கலாமா என்று பக்கத்து வயல்காரர் கேட்டார். "என் புள்ளைங்க சாப்பிடணும். பாக்கப் புடிக்கலன்னா அந்தப் பக்கம் திரும்பிக்குங்க" என்று சொல்லிவிட்டு நாற்றங்காலில் இறங்கினாள்.

அவள் ஒன்றும் சாது இல்லை. நாங்கள் அப்பாவை நினைத்து அழுதால், "மொதல்ல சாப்புடு, அப்புறம் அழு" என்று அதட்டுவாள். தம்பி அப்பாவின் சட்டையைக் கழற்ற மாட்டேன் என்றபோது மட்டும், அதன் கையைச் சுருக்கித் தைத்துக் கொடுத்தாள். அவள் அழுது நாங்கள் பார்த்ததில்லை. அவளுக்கு அழ நேரம் விட்டோமா என்று இப்போது என்மேலேயே ஆத்திரம் வருகிறது.

இந்த முறையும் மாமா கோடி கொண்டுவந்தார். "வேணாம் மாமா. அப்பா எடுத்துக் கொடுத்த சேலையிலேயே அம்மா போகட்டும்" என்று சொல்லி, அதை அம்மாமேல் போர்த்த விடாமல் கையில் வாங்கிக்கொண்டேன். பந்தலில் பலர் முகம் சுளித்தீர்கள்.

மறுநாள் அம்மா ஊறப்போட்ட நெல் முளை விட்டிருந்தது. தீட்டு வீட்டில் பதினாறு வரை விதைக்கக் கூடாது என்றார் மாமா. அதுவரை வைத்தால் அழுகிப்போகும். அவர் கண் முன்னாலேயே முளைநெல்லை அந்தக் கோடியில் கட்டினேன். நான், தம்பி, தங்கை மூன்று பேருமாகத் தூக்கிப்போய்த் தெளித்தோம்.

நிலம் மூவருக்கும் பொது. அம்மாவின் கோபத்தை மட்டும் நான் எடுத்துக்கொள்கிறேன்.