சிவப்பைச் சுற்றி ஒரு கோடு

புண்ணின் கட்டைப் பிரிக்கும்போது அந்த நர்ஸுக்கு முதலில் மூக்குதான் வேலை செய்யும். பஞ்சை எடுத்ததும் லேசாகக் குனிந்து மோந்து பார்ப்பார். அப்புறம்தான் கண்ணுக்கு முறை. "நேத்து இந்த வாசம் இல்லையே" என்று முணுமுணுத்தால் புண்ணுக்குச் சொந்தக்காரர் சாமியைக் கூப்பிட ஆரம்பித்துவிடுவார். "ஒண்ணுமில்ல, சமத்தா ஆறுது" என்றால் அடுத்த கட்டில்காரருக்கும் உயிர் வரும்.

வார்டில் அவருக்குக் கோடு சிஸ்டர் என்று பெயர். புண்ணைச் சுற்றிச் சிவந்திருந்தால், சிவப்பு முடிகிற ஓரத்திலேயே தோலின் மேல் பேனாவால் கோடு போட்டுவிடுவார். மறுநாள் சிவப்பு கோட்டுக்குள் இருந்தால் மருந்து கேட்கிறது என்று அர்த்தம். தாண்டிவிட்டால் டாக்டருக்குப் போன் பறக்கும்.

கழுவிக் கழுவி அவர் உள்ளங்கை உப்புத்தாள் மாதிரி ஆகிவிட்டது. பார்க்க வருகிற சொந்தபந்தங்களை வாசலிலேயே மறிப்பார். "முதல்ல கையக் கழுவுங்க, அப்புறம் பாசத்தக் கொட்டுங்க." பெரிய டாக்டருக்கும் இதே சட்டம்தான், பாசத்தை மட்டும் விட்டுவிடுவார். பிள்ளையின் காயத்தில் ஊதுகிற அம்மாக்களைக் கண்டால் ஆகவே ஆகாது. "ஊதாதீங்கம்மா, உங்க வாயில இருக்கிறதெல்லாம் அங்க குடிபோயிடும்."

ஒருமுறை லாரி டிரைவர் ஒருவர் வந்து சேர்ந்தார். சர்க்கரை வியாதிக்காரர். செருப்பு கடித்த இடம் புண்ணாகி, சிவப்பு பாதத்தில் ஏறியிருந்தது. இன்னும் பரவினால் பெருவிரலை எடுக்க வேண்டியிருக்கும் என்று சொல்லிவிட்டுப் போனார் டாக்டர். சிஸ்டர் கோடு போட்டார்.

மறுநாள் காலை போர்வையை விலக்கினால், சிவப்பு கோட்டுக்குள்தான் இருந்தது. சந்தோஷப்பட வேண்டியவர் நெற்றியைச் சுருக்கினார். அவர் போடும் கோடு சிவப்பின் ஓரத்தோடு நெளிந்து நெளிந்து போகும். இதுவோ தட்டைக் கவிழ்த்து வரைந்த மாதிரி வட்டமாக இருந்தது.

"அண்ணே, இது நான் போட்ட கோடு இல்லையே."

டிரைவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். "ஸ்பிரிட் பஞ்சால அழிச்சிட்டு நானே தள்ளிப் போட்டேன்மா. விரல எடுத்துட்டா கிளட்ச எத வச்சு மிதிப்பேன்?"

சிஸ்டருக்குக் கோபம் தலைக்கேறியது. அதற்கு முன்னால் கண் கலங்கிவிட்டது. திட்ட நேரமில்லை. டாக்டரை வரவழைத்தார். உடனே புண்ணைத் திறந்து சீழை எடுத்து, மருந்தையும் மாற்றினார்கள். சிவப்பின் ஓரத்தில் மறுபடி கோடு போட்டு, புதுக் கட்டுக் கட்டும்போதுதான் சிஸ்டர் கேட்டார். "என்கிட்டயே மறைச்சா, உங்க விரலுக்காக நான் யார்கிட்டண்ணே போய் வாதாடுறது?"

அதன்பிறகு காலையில் வந்ததும் கையைக் கழுவிக்கொண்டு நேராக அந்தக் கட்டிலுக்குத்தான் போவார். சிவப்பு அடம்பிடித்து நின்ற இடத்திலேயே நின்றது. கட்டைப் பிரிக்கும்போதெல்லாம் டிரைவர் கண்ணை இறுக மூடிக்கொள்வார். சிஸ்டருக்கும் மூடிக்கொள்ள ஆசைதான்.

ஒரு நாள் காலையில், புறங்கையை வைத்துப் பார்த்தபோது பழைய அனல் இல்லை. சிவப்பு கோட்டை விட்டு நன்றாக உள்வாங்கியிருந்தது. டாக்டரும் வந்து பார்த்துவிட்டு, விரல் தப்பிவிட்டது என்றார்.

சிஸ்டர் முதல் வேலையாக டிரைவரின் உள்ளங்கையில் கை கழுவும் மருந்தை ஊற்றித் தேய்க்கச் சொன்னார். பிறகு பேனாவின் மூடியைக் கழற்றி அவரிடம் நீட்டினார்.

"இன்னிக்கு நீங்களே போடுங்கண்ணே. எங்க முடியுதோ, அங்க."

அவ்வளவு பெரிய லாரியைச் சந்துக்குள் திருப்புகிற கை, சிவப்பின் ஓரத்தோடு நெளிந்து நெளிந்து மெதுவாக நகர்ந்தது. கால் அசையாமலிருக்க, சிஸ்டர் அதை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டார்.